நடிகர் ஸ்ரீனிவாசன் கதாசிரியர் ஆனது எப்படி? எந்தப் படத்திலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

தேனிக்காரன்:

எல்லோருக்கும் வணக்கம். மலையாளப் படங்களை விடாமல் பார்க்கிறவர்கள் இங்கே நிறையப் பேர் இருக்கிறீர்கள், அந்த நம்பிக்கையில் கேட்கிறேன். 'குசேலன்' 2008-இல் வந்தபோது நான் பள்ளியில் படித்துக்கொண்டிருந்தேன். ரஜினி படம் என்று ஊரே திரண்டு போனது, ஆனால் கதை என்னவோ பசுபதியைச் சுற்றியே நகர்ந்தது, யாருக்கும் திருப்தி இல்லை. அதோடு அந்தப் படத்தை மறந்துவிட்டேன். சமீபத்தில் அதன் மூலமான 'கத பறயும்போள்' பார்த்தேன். உட்கார நல்ல நாற்காலி கூட இல்லாத ஒரு முடிதிருத்தும் கடை, கடன், பிள்ளைகளின் பள்ளிக் கட்டணம், ஊருக்கு வந்திருக்கும் சூப்பர் ஸ்டார் தன் பழைய நண்பன்தான் என்பதை வெளியே சொல்லவே கூசும் ஒரு மனிதன். படம் முடிந்தபோது அழுதுகொண்டிருந்தேன்.

அப்புறம்தான் பார்க்கிறேன், அந்த முடிதிருத்தும் பாலனாக நடித்தவரும் கதையை எழுதியவரும் ஒரே ஆள், ஸ்ரீனிவாசன். நடிகர் முகேஷோடு சேர்ந்து தயாரித்ததும் அவரே. 'நாடோடிக்காற்று' எழுதியதும் இவர்தான் என்று தெரிந்தபோது இன்னும் ஆச்சரியம், ஏனென்றால் அந்தப் படத்தை எங்கள் வீட்டில் அப்பா பத்து தடவையாவது போட்டுப் பார்த்திருப்பார். அதில் மோகன்லாலோடு வரும் அந்த ஒல்லியான ஆள் படத்தை எழுதியவராக இருப்பார் என்று யாருக்குத் தோன்றும்?

என் கேள்வி இரண்டு. ஒன்று, இவர் நடிகராக வந்து பிறகு எழுத்துக்குப் போனாரா, இல்லை எழுத வந்து நடிகரானாரா, தனக்கு வேடம் கிடைக்கவில்லை என்பதால் தானே எழுதிக்கொண்டாரா? நான் நண்பர்களின் குறும்படங்களில் நடிக்கிறேன், இப்போது எழுதவும் ஆசை வந்திருக்கிறது, அதனால் இது எனக்கு வெறும் தகவலுக்கான கேள்வி இல்லை. இரண்டாவது, இவர் எழுதிய படங்களை எந்த வரிசையில் பார்த்தால் மனிதர் பிடிபடுவார்?

பாலக்காடு பாசஞ்சர்:

தம்பி, நல்ல கேள்வி. கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுமையாகப் படியுங்கள்.

முதலில் நடிகர், அதில் சந்தேகமே வேண்டாம். கண்ணூர் மாவட்டத்தில் பாட்டியம் என்ற கிராமம், 1956-இல் பிறந்தவர். அப்பா பள்ளி ஆசிரியர், கம்யூனிஸ்ட். ஸ்ரீனிவாசன் பொருளாதாரம் படித்துவிட்டு நேரே சென்னைக்கு வந்தார், தென்னிந்தியத் திரைப்பட வர்த்தக சபை நடத்திய திரைப்படக் கல்லூரியில் நடிப்புப் படிக்க. ரஜினிகாந்த் படித்த அதே இடம்தான். நீங்கள் 'கத பறயும்போள்' பார்த்து அழுதீர்கள் இல்லையா, அந்த இடத்தை மனதில் வைத்துக்கொண்டு இன்னொரு தடவை பாருங்கள். ஒரே கூரையின் கீழ் நடிப்புப் படித்து வெளியே போகிறவர்களில் யார் எங்கே போய்ச் சேருவார்கள் என்று அன்றைக்கு யாருக்கும் தெரியாது, அதை அருகிலிருந்து பார்த்தவர் எழுதிய கதை அது.

1970-களின் பிற்பகுதியில் பி.ஏ. பக்கர் இயக்கிய 'மணிமுழக்கம்' படத்தில் அறிமுகம். 1979-இல் அதே பக்கரின் 'சங்ககானம்' படத்தில் முக்கிய வேடம். கே.ஜி. ஜார்ஜ் படங்களில் சின்னச் சின்ன வேடங்கள். மம்மூட்டியின் தொடக்ககாலப் படங்கள் சிலவற்றில் அவருக்குக் குரல் கொடுத்தவர் இவர்தான் என்பது பலருக்குத் தெரியாது. இன்னொருவர் முகத்துக்குத் தன் குரலைப் பொருத்துவது என்றால் அந்த ஆள் எங்கே மூச்சு விடுகிறான், எந்தச் சொல்லில் தடுக்குகிறான் என்று திரும்பத் திரும்பப் பார்க்க வேண்டும். வசனம் எழுத அதைவிட நல்ல பயிற்சி எனக்குத் தெரிந்து இல்லை.

நடிகராக அவர் செய்ததில் நீங்கள் கட்டாயம் பார்க்க வேண்டியது ஜி. அரவிந்தனின் 'சிதம்பரம்' (1985). மூணாறு பக்கத்தில் மாட்டுப்பட்டி பண்ணையில் வேலை பார்க்கும் முனியாண்டி என்ற தமிழ்த் தொழிலாளியாக நடித்திருப்பார். ஊருக்குப் போய் சிவகாமியை, அதாவது ஸ்மிதா பாட்டீலை, கல்யாணம் செய்து கூட்டிக்கொண்டு வருவார். பண்ணை அதிகாரியாக வரும் பரத் கோபிக்கும் அந்தப் பெண்ணுக்கும் இடையில் நடப்பதைத் தெரிந்துகொண்டு தூக்கில் தொங்கிவிடுவார். ஒரு வரி நகைச்சுவை கிடையாது. அதிகம் பேசவும் மாட்டார். தலையைக் குனிந்துகொண்டு நிற்கும் அந்த உடம்பை மட்டும் பார்த்தாலே போதும், இவர் பின்னாளில் எழுதிய அத்தனை தாழ்வுமனப்பான்மை பிடித்த ஆண்களும் எங்கிருந்து வந்தார்கள் என்று புரிந்துவிடும். அந்தப் படத்துக்கு அந்த ஆண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருது கிடைத்தது.

எழுத்து 1984-இல் தொடங்குகிறது, பிரியதர்ஷனின் 'ஓடருதம்மாவா ஆளறியாம்'. அதாவது ஏழெட்டு வருடம் நடிகனாக அலைந்த பிறகு. அங்கிருந்து ஓட்டம்தான். இயக்குநர் சத்யன் அந்திக்காடு அவரைப் பிடித்துக்கொண்டார். 1986-இல் மட்டும் 'டி.பி. பாலகோபாலன் எம்.ஏ.', 'காந்திநகர் செகண்ட் ஸ்ட்ரீட்', 'சன்மனசுள்ளவர்க்கு சமாதானம்' என்று மூன்று படம். மோகன்லாலுக்கு முதல் மாநில விருதை வாங்கிக் கொடுத்தது பாலகோபாலன்தான். 1987-இல் 'நாடோடிக்காற்று', 1989-இல் 'வரவேல்பு', 1991-இல் 'சந்தேசம்'. ஐந்தாறு வருடத்துக்குள் இத்தனையும்!

தனக்கு வேடம் வேண்டும் என்று எழுதினாரா என்று கேட்டீர்கள். வரிசையாகப் பார்த்தால் உங்களுக்கே தெரியும், நல்ல வேடத்தை மோகன்லாலுக்குக் கொடுத்துவிட்டுப் பக்கத்தில் நிற்பவனைத்தான் தனக்கு எடுத்துக்கொண்டார். 'நாடோடிக்காற்று' தாசன் பி.காம். முதல் வகுப்பு, விஜயன் ப்ரீ டிகிரியில் தோற்றவன். காதலும் பாட்டும் தாசனுக்கு. விஜயனுக்குக் கிடைப்பது சினிமா வாய்ப்பு கேட்டு இயக்குநர் ஐ.வி. சசி வீட்டு வாசலில் போய் நிற்பது. சசியும் அவர் மனைவி நடிகை சீமாவும் அவர்களாகவே அந்தப் படத்தில் வருவார்கள். வாய்ப்புத் தேடி வீடு வீடாக அலைந்த ஒரு நடிகன்தான் அந்தக் காட்சியை அப்படி எழுத முடியும்.

மையமான வேடத்தைத் தனக்கே எழுதிக்கொண்டது 'வடக்குநோக்கியந்திரம்' (1989) படத்தில். இயக்கமும் அவரே, முதல் படம். அந்த வருடக் கேரள மாநிலச் சிறந்த படம். ஒரு நடிகன் தனக்கே எழுதிக்கொள்ளும் முதல் நாயகன் எப்படி இருப்பான்? 'தளத்தில் தினேசன்' என்ற அந்த நாயகன் குள்ளம், கறுப்பு, அச்சகம் வைத்திருப்பவன், அழகான மனைவி தன்னை விட்டுப் போய்விடுவாளோ என்று பயந்து பயந்தே பைத்தியம் பிடிக்கிறவன். தன் உயரத்தையும் நிறத்தையும் இப்படித் திரைக்கு நடுவில் வைத்த துணிச்சல் எனக்கு இன்றைக்கும் மலைப்பாக இருக்கிறது.

க்ளாப் போர்டு:

பாசஞ்சர் அண்ணா வரலாற்றைச் சொல்லிவிட்டார், நான் எழுத்து வேலையைப் பற்றி மட்டும் சொல்கிறேன். உதவி இயக்குநராக இருக்கிறேன், தேனிக்காரன் கேட்பது எனக்கும் நெருக்கமான விஷயம்.

'நாடோடிக்காற்று' கதைக்கரு சித்திக்-லால் இரட்டையருடையது, திரைக்கதை ஸ்ரீனிவாசனுடையது. படத்தின் முதல் பாதியைத் தனியாக உட்கார்ந்து பாருங்கள். வேலை போகிறது. வங்கிக் கடன் வாங்கி இரண்டு மாடு வாங்குகிறார்கள். பால் எதிர்பார்த்த அளவு வரவில்லை. மாட்டை விற்று, மிச்சப் பணத்தை, ஆள் ஏற்றிவிடும் கஃபூர்க்காவிடம் கொடுத்து துபாய்க்குக் கள்ளத்தோணி ஏறுகிறார்கள். அரபு உடையெல்லாம் போட்டுக்கொண்டு கரையேறினால் அது சென்னைக் கடற்கரை. இதில் ஒவ்வொரு படியிலும் அவர்கள் எடுக்கும் முடிவு அவர்கள் அளவில் நியாயமானது. படித்த பையன், வேலை இல்லை, சொந்தத் தொழில் செய் என்று எல்லோரும் சொல்கிறார்கள், செய்கிறான். தொழில் படுத்தால் வளைகுடாவுக்குப் போ என்கிறார்கள், போகிறான். 1980-களின் கேரளத்தில் ஒரு சராசரி இளைஞனுக்கு முன்னால் இருந்த வழிகள் எல்லாவற்றையும் அந்த முக்கால் மணி நேரத்துக்குள் ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்து மூடிவிடுகிறார். நாம் சிரித்துக்கொண்டே இருக்கிறோம், ஆனால் அந்த இரண்டு பேருக்கும் அது சிரிப்பு இல்லை. காட்சிக்குள் இருக்கும் யாரும் தான் நகைச்சுவை செய்வதாக நினைக்கவே மாட்டார்கள். எழுதும்போது இதைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்று, தாசன் நல்லவன் மட்டும் இல்லை. விஜயனை மட்டம் தட்டுவான். முதல் வகுப்பில் தேறியவன் என்ற கர்வம் பசியிலும் போகாது. விஜயனும் சும்மா இருக்க மாட்டான், பொறாமைப்படுவான். இரண்டு ஏழைகள் என்றால் ஒருவருக்கொருவர் உயிரைக் கொடுப்பார்கள் என்று நாம் எழுதிவிடுவோம். அவர் அப்படி எழுதுவதில்லை, அதனால்தான் அந்த நட்பை நம்ப முடிகிறது.

நடிகராக இருந்து எழுத வந்ததால் என்ன லாபம் என்று எனக்குத் தோன்றுவது இதுதான். சின்ன வேடக்காரர்களுக்கு அவர் எழுதுவதைப் பாருங்கள். 'சந்தேசம்' படத்தில் சங்கராடி நடித்த குமார பிள்ளை சார் மொத்தம் எத்தனை காட்சியில் வருகிறார்? கட்சி ஏன் தேர்தலில் தோற்றது என்று வாயில் நுழையாத சித்தாந்தச் சொற்களில் விளக்குவார், கேட்டுக்கொண்டிருக்கும் தொண்டன் இதை எளிமையாகச் சொல்லக் கூடாதா என்று கேட்பான். கேரளத்தில் இன்றும் ஒவ்வொரு தேர்தல் முடிந்ததும் அந்தக் காட்சி வலம் வருகிறது. கஃபூர்க்காவாக வந்த மாமுக்கோயாவும் அப்படித்தான், அதே படத்தில் கூலிக் கொலைகாரன் பவனாயியாக வந்த கேப்டன் ராஜுவும் அப்படித்தான், 'வடக்குநோக்கியந்திரம்' படத்தில் தளக்குளம் சாராக வரும் இன்னசென்டும் அப்படித்தான். வருடக்கணக்கில் ஒரு காட்சி, இரண்டு காட்சி என்று நடித்தவருக்குத்தான் அந்த ஒரு காட்சிக்கு வருகிறவனின் ஏக்கம் தெரியும். அந்த நடிகர் மறுநாள் வீட்டுக்குப் போய்ச் சொல்லிக்கொள்ள ஏதாவது வேண்டுமே. நான் வேலை செய்யும் படங்களில் இந்த ஏக்கத்தை தினமும் பார்க்கிறேன். வசனமே இல்லாமல் காலையிலிருந்து ஒப்பனையோடு உட்கார்ந்திருப்பார்கள். அதனால் ஒரு பக்கக் காட்சி எழுதினாலும் அதில் வருகிற கடைசி ஆளுக்கும் ஒரு குணம் கொடுக்க வேண்டும் என்று எனக்கு நானே வைத்துக்கொண்ட விதி இவரிடமிருந்து வந்தது.

திருச்சி மது:

இரண்டு பேரும் அழகாக எழுதியிருக்கிறீர்கள், மறுக்கவில்லை. ஆனால் புதிதாகப் பார்க்க வருகிற ஒருவருக்கு இன்னொரு பக்கத்தையும் சொல்ல வேண்டும்.

'சந்தேசம்' எனக்குப் பிடித்த படம்தான், ஆனால் அதன் முடிவைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். அண்ணன் ஒரு கட்சி, தம்பி ஒரு கட்சி, வீடு நாசமாகிறது, கடைசியில் அரசியலை விட்டுவிட்டு வேலையைப் பார் என்பதுதான் தீர்வு. தமிழ்நாட்டில் ரயில்வேயில் உழைத்து ஓய்வு பெற்று வீடு திரும்பும் அப்பாவின் வலியை திலகன் எவ்வளவு உண்மையாக நடித்தாலும், கட்சி என்றாலே சோம்பேறிகளின் கூடாரம் என்ற எண்ணத்தைத்தான் படம் விட்டுச் செல்கிறது. கேரளத்திலேயே இந்தப் படத்தின் மேல் பல வருடமாக இருக்கும் விமரிசனம் இது. 'வரவேல்பு'ம் அப்படியே. வளைகுடாவில் உழைத்த காசில் பேருந்து வாங்கியவனைத் தொழிற்சங்கம் நடுத்தெருவில் நிறுத்துகிறது. தொழிலாளிக்கு ஒரு நியாயம் இருக்கக்கூடும் என்ற எண்ணமே அந்தக் கதையில் எழவில்லை.

பெண்கள் விஷயம் இதைவிட உறுத்துகிறது. 'தலையணமந்திரம்' படத்தில் ஊர்வசி என்ன நடிப்பு! அதற்கு மாநில விருது கிடைத்தது, இரண்டு விருது கொடுத்திருக்கலாம். ஆனால் கூட்டுக் குடும்பம் உடைவது, கடன், கணவனின் வீழ்ச்சி எல்லாவற்றுக்கும் காரணம் அவளுடைய பொறாமையும் பேராசையும்தான் என்று கதை கை காட்டுகிறது. நல்ல வீட்டில் இருக்க வேண்டும், பிள்ளை நல்ல பள்ளியில் படிக்க வேண்டும் என்று ஒரு பெண் ஆசைப்படுவது அவ்வளவு பெரிய குற்றமா? அதே ஆசையை தாசனும் விஜயனும் பட்டால் நாம் அவர்களோடு சேர்ந்து கடலில் இறங்குகிறோம். 'சிந்தாவிஷ்டயாய ஷ்யாமளா'வில் அவ்வளவு தூரம் போய்விட்டு, தனியாக உழைத்துப் பிள்ளைகளைக் காப்பாற்றிய ஷ்யாமளா கடைசியில் கணவனைத் திரும்ப ஏற்றுக்கொள்கிறாளே, அது எனக்கு ஆறவே இல்லை. அந்தக் கதவை அவள் திறக்காமல் இருந்திருக்கலாம்.

பாலக்காடு பாசஞ்சர்:

மது, 'தலையணமந்திரம்' பற்றி நீங்கள் சொல்வதோடு எனக்குச் சண்டை இல்லை. அந்தப் படத்தில் பாதிப் பழியைக் கணவனுக்குப் பிரித்துக் கொடுத்திருக்க வேண்டும். அவனும்தானே தலையாட்டிக்கொண்டு பின்னால் போகிறான்.

ஆனால் 'வரவேல்பு' விஷயத்தில் ஒன்று சொல்ல வேண்டும். அவருடைய அப்பா பேருந்து வாங்கி ஓட்டி நொடித்துப் போனவர். கம்யூனிஸ்டாகவே வாழ்ந்த ஒரு மனிதர், தன் சொந்தப் பேருந்தின் விஷயத்தில் முதலாளி என்று முத்திரை குத்தப்பட்டு நிற்பதை அந்தப் பையன் வீட்டுக்குள்ளிருந்து பார்த்திருக்கிறான். அந்த வலியிலிருந்து வந்த படம். அதனால் தொழிற்சங்கத்தின் பக்கம் இல்லாமல் போயிருக்கலாம், கோபத்தில் எழுதினால் அப்படித்தான் ஆகும். ஆனால் அதை அரசியலே தெரியாத ஒருவர் எழுதியது என்று எடுத்துக்கொள்ளக் கூடாது, கட்சிக் கூட்டங்களுக்கு நடுவே வளர்ந்தவர் எழுதியது. கண்ணூரில் அரசியல் வீட்டுக்குள் சாப்பாட்டு இலை வரைக்கும் வரும். 'சந்தேசம்' படத்தில் போலந்தைப் பற்றி அண்ணனும் தம்பியும் போடும் சண்டையை வேறு ஊர்க்காரர் கற்பனை செய்திருக்க முடியாது.

'ஷ்யாமளா' முடிவு எனக்கும் உவப்பில்லை. இருந்தாலும் ஷ்யாமளாவின் கணவன் விஜயனைப் பாருங்கள், பொறுப்பிலிருந்து தப்பிக்க ஒரு மனிதன் சினிமா, இன்சூரன்ஸ், சபரிமலை, ஆசிரமம் என்று எத்தனை வாசல்தான் தேடுவான்! பக்தியையே ஓடி ஒளிய ஒரு இடமாக ஆக்கிக்கொள்ளும் ஆணை அந்தக் காலத்தில் வேறு யார் எழுதினார்கள்? அதையும் கதாநாயகனாகத் தானே நின்று நடித்து. 1998-க்கான தேசிய விருதில் சமூகப் பிரச்சினை பற்றிய சிறந்த படம் அது, சங்கீதாவுக்கு மாநிலச் சிறந்த நடிகை விருது.

நாலாவது ரீல்:

தமிழ் ரீமேக்குகளைப் பற்றி யாரும் சொல்லவில்லையே, நான் சொல்கிறேன். இவருடைய கதைகள் தமிழுக்கு வந்தது போல வேறு எந்த மலையாள எழுத்தாளரின் கதைகளாவது இத்தனை வந்திருக்குமா என்று சந்தேகம்தான்.

'காந்திநகர் செகண்ட் ஸ்ட்ரீட்' சத்யராஜ் நடித்த 'அண்ணாநகர் முதல் தெரு' ஆனது, 1988. அதே வருடம் 'நாடோடிக்காற்று' எஸ்.வி. சேகரும் பாண்டியராஜனும் நடிக்க 'கதாநாயகன்' ஆனது. 'சிந்தாவிஷ்டயாய ஷ்யாமளா'வைத் தங்கர் பச்சான் 'சிதம்பரத்தில் ஒரு அப்பாசாமி' என்று 2005-இல் எடுத்து அவரே நடித்தார். 2008-இல் மட்டும் மூன்று வந்தன. 'உதயனாணு தாரம்' பிரகாஷ்ராஜும் பிருத்விராஜும் நடித்த 'வெள்ளித்திரை', 'வடக்குநோக்கியந்திரம்' கருணாஸ் நடித்த 'திண்டுக்கல் சாரதி', அப்புறம் 'குசேலன்'.

தேனிக்காரன் நண்பரே, 'குசேலன்' ஏன் கைவிட்டது என்பதற்கு மூலத்தைப் பார்த்த பிறகு உங்களுக்கே பதில் தெரிந்திருக்கும். மூலத்தில் அந்த சூப்பர் ஸ்டாராக நடித்த மம்மூட்டி மிகக் கொஞ்ச நேரம்தான் வருவார். பாலன் அந்த நடிகனை நெருங்க முடியாமல் தவிக்கிற தவிப்பு நமக்கும் ஒட்டிக்கொள்ள வேண்டும் என்றால் நாமும் அந்த நடிகனைப் பார்க்காமல் இருக்க வேண்டும். தமிழில் ரஜினியைப் படம் முழுக்கக் காட்ட வேண்டிய கட்டாயம், வடிவேலு நகைச்சுவை தனியாக, நயன்தாரா பகுதி தனியாக. அந்தக் கடைசிப் பேச்சை ரஜினி நன்றாகத்தான் செய்தார், ஆனால் அதற்குள் நாம் அவரைப் போதும் போதும் என்று பார்த்துவிட்டோம், ஏங்குவதற்கு என்ன இருக்கிறது?

இன்னொரு விஷயம். எழுதுகிறவரே நடிப்பதும் தோற்றத்தில் நாயகன் போல இல்லாதவர் நாயகனாவதும் நமக்குப் புதிது இல்லை, பாக்யராஜ் இருக்கிறார். ஆனால் அவர் வந்த வழி நேர் எதிர். பாரதிராஜாவிடம் உதவியாளர், 'சிகப்பு ரோஜாக்கள்' வசனம், அதற்குப் பிறகுதான் 1979-இல் 'புதிய வார்ப்புகள்' நாயகன். பாக்யராஜ் எழுதிய அப்பாவி கடைசியில் ஜெயித்துவிடுவான், அவனுடைய அப்பாவித்தனமே அவனுக்கு பலம், கொட்டகையில் பெண்கள் கூட்டம் அவனுக்காகவே வரும். ஸ்ரீனிவாசனின் ஆள் ஜெயிப்பதில்லை. தினேசன் சிகிச்சை முடிந்து வீட்டுக்கு வந்த பிறகும் ராத்திரி சத்தம் கேட்டால் டார்ச் விளக்கை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுவான். இரண்டு பேருமே எனக்கு உயிர், ஆனால் பாக்யராஜ் ஒரு எழுத்தாளராக ரசிகனோடு பேசுகிறார், ஸ்ரீனிவாசன் ஒரு நடிகராகத் தன் முகத்தைக் கண்ணாடியில் பார்த்துக்கொண்டு எழுதுகிறார் என்று எனக்குத் தோன்றும்.

தேனிக்காரன்:

எல்லோருக்கும் நன்றி. இவ்வளவு வரும் என்று எதிர்பார்க்கவில்லை. பாசஞ்சர் அண்ணா, நீங்கள் சொன்ன 'சிதம்பரம்' தேடிப் பிடித்து நேற்று ராத்திரியே பார்த்துவிட்டேன். முனியாண்டியும் 'நாடோடிக்காற்று' விஜயனும் ஒரே ஆள் என்று நம்ப முடியவில்லை. மாட்டுப்பட்டி எங்களுக்குப் பக்கம்தான். எங்கள் பகுதியிலிருந்து மலைக்கு மேலே தோட்ட வேலைக்குப் போனவர்களின் பேச்சையும் நடையையும் பார்த்து வளர்ந்தவன் நான், அவர் அந்த நடையை அப்படியே கொண்டு வந்திருக்கிறார்.

மது அக்கா சொன்னதையும் குறித்துக்கொண்டேன், 'தலையணமந்திரம்' பார்க்கும்போது அதை வைத்துக்கொண்டே பார்க்கிறேன். இன்னும் ஒன்று மட்டும் கேட்க வேண்டும். சினிமாவைப் பற்றியே இவர் எழுதிய படங்கள் எப்படி? 'வெள்ளித்திரை' பார்த்திருக்கிறேன், சுமாராகப் பிடித்தது. பிற்காலப் படங்களில் எது தேறும்?

க்ளாப் போர்டு:

'உதயனாணு தாரம்' கட்டாயம் பாருங்கள், 2005, ரோஷன் ஆண்ட்ரூஸின் முதல் படம். உதவி இயக்குநர்கள் அறையில் இன்றும் பேசப்படும் படம் அது. மோகன்லால் வருடக்கணக்காக ஒரு கதையை வைத்துக்கொண்டு காத்திருக்கும் உதயபானு. ஸ்ரீனிவாசன், அந்தக் கதையைத் திருடி சூப்பர் ஸ்டார் சரோஜ்குமார் ஆகிவிடும் ராஜப்பன். கதை திருட்டுப் போவது என்றால் என்ன என்று வெளியே இருப்பவர்களுக்குப் புரியவைப்பது கஷ்டம், எனக்குத் தெரிந்த ஒருவர் சொன்ன கதை அவர் பெயர் இல்லாமலே திரைக்கு வந்து, அவர் கொட்டகையில் உட்கார்ந்து அதைப் பார்த்த நாளை நான் அறிவேன். அந்த வேதனை இந்தப் படத்தில் இருக்கிறது.

ஆனால் 2012-இல் அதே பாத்திரத்தை மட்டும் எடுத்து 'பத்மஸ்ரீ பரத் டாக்டர் சரோஜ்குமார்' என்று ஒரு படம் எழுதினார், அதை விட்டுவிடுங்கள். அதில் நடிகர்கள் மீது கோபம் இருக்கிறது, கதை இல்லை. அதற்குப் பதில் பின்னோக்கிப் போய் 'அழகிய ராவணன்' (1996) பாருங்கள், கமல் இயக்கியது, நம்ம கமல் இல்லை, மலையாள இயக்குநர் கமல். மம்மூட்டி பம்பாயில் பணம் சேர்த்துவிட்டு ஊர் திரும்பும் பணக்காரர். ஸ்ரீனிவாசன் எழுதித் தனக்கு வைத்துக்கொண்ட வேடம் அம்புஜாக்ஷன், தையல்காரர், தொடர்கதை எழுதுகிறவர், தன் நாவல் படமாக வேண்டும் என்று உருகுகிறவர். அவர் கதை சொல்லும் காட்சியைப் பார்த்துவிட்டு உங்கள் முதல் திரைக்கதையை எழுத உட்காருங்கள். கதை சொல்லப் போகிறவனின் படபடப்பு, எதிரே இருப்பவர் முகத்தைப் பார்த்துப் பார்த்து அவன் கதையை மாற்றுவது, எல்லாம் அதில் உண்டு.

பாலக்காடு பாசஞ்சர்:

பிற்காலத்தில் 'ஞான் பிரகாசன்' (2018) தேறும் தம்பி. சத்யன் அந்திக்காடும் அவரும் 16 வருடம் கழித்துச் சேர்ந்த படம். பகத் பாசில் நர்சிங் படித்துவிட்டு அந்த வேலைக்குப் போகக் கூச்சப்பட்டு, பெயரையே பி.ஆர். ஆகாஷ் என்று மாற்றிக்கொண்டு வெளிநாடு போக வழி தேடுவார். தாசனும் விஜயனும் கிளம்பி முப்பது வருடம் ஆகியும் கேரளத்து இளைஞன் இன்னும் கடல் தாண்டத்தான் பார்க்கிறான். ஸ்ரீனிவாசன் கோபால்ஜி என்ற வேடத்தில் அவனுக்கு வேலை கொடுக்கிறவராக வருவார். பழைய கூர்மை எல்லா இடத்திலும் இல்லை, இரண்டாம் பாதி கொஞ்சம் உபதேசமாகிவிடுகிறது, ஆனாலும் பாருங்கள்.

வரிசை கேட்டீர்கள். 'சிதம்பரம்' முடிந்துவிட்டது. இனி 'பாலகோபாலன்', அடுத்து 'நாடோடிக்காற்று', அப்பா பத்து தடவை பார்த்திருந்தாலும் நீங்கள் இப்போது எழுத்தாளராக உட்கார்ந்து பாருங்கள். பிறகு 'வடக்குநோக்கியந்திரம்', 'சந்தேசம்', 'ஷ்யாமளா', 'அழகிய ராவணன்', 'உதயனாணு தாரம்'. இடையில் மனசு லேசாக வேண்டும் என்றால் 'வெள்ளானகளுடெ நாடு', பிரியதர்ஷன் இயக்கியது, ரோடு ரோலர் காட்சியில் குதிரவட்டம் பப்பு வருவார், அதைப் பற்றி இங்கே எதுவும் சொல்ல மாட்டேன். 'வடக்குநோக்கியந்திரம்' மட்டும் தனியாகப் பாருங்கள், கூட்டத்தோடு வேண்டாம். பக்கத்தில் இருப்பவர்கள் சிரித்துக்கொண்டே இருந்தால் தினேசனின் பயம் உங்களுக்குக் கேட்காது.